உன் அம்மாவின் படத்திறப்பு

சேகருக்கு அப்பா எழுதுவது.

இங்கே நானும் உன் தங்கச்சி வசந்தாவும் சுகம். உன் சுகத்தைக் கேட்டு எழுத வேண்டியதில்லை. வாராவாரம் ஏதாவது ஒரு பத்திரிகையில் சிரித்துக்கொண்டு நிற்கிறாய். எதிர் மருந்துக் கடைக்குப் போன் பண்ணி, "அப்பா கோவமா இருக்காரா?" என்று கேட்டாயாம். கடைக்காரர் ரோட்டைத் தாண்டி வந்து என்னிடம் கேட்டார். "ஆமாம்னு சொல்லுங்க" என்றேன். பாவம், நல்ல மனுஷன், திரும்பிப் போகாமல் நின்றார். "ஜாஸ்தியா கம்மியான்னு கேட்டா இன்னா சொல்றதுங்க?" என்றார். "அதை நானே எழுதிக்கறேன்னு சொல்லுங்க" என்றேன். அதைத்தான் இப்போது எழுதுகிறேன். இதை நீ மறைத்து வைக்க வேண்டாம். உன் ரூமில் சுற்றி உட்கார்ந்திருக்கும் அசிஸ்டென்ட்களுக்கும் கதாசிரியர்களுக்கும் சத்தமாகவே படித்துக் காட்டு. எங்கள் வீட்டு விஷயத்தை ஊர் ஊராகத் திரையில் காட்டினவன் நீ. இனி மறைக்க எங்களிடம் எதுவும் இல்லை.

எங்கிருந்து ஆரம்பிப்பது? நீ பேசிப் பழகினதே மைக்கில்தான், அங்கிருந்தே ஆரம்பிக்கிறேன். பேகோபுரத் தெருவில் நம் 'கமலா சவுண்ட் சர்வீஸ்' போர்டுக்குக் கீழே, ஆம்ப்ளிபயரையும் குழாய் ஸ்பீக்கர்களையும் துடைத்து வைக்கும்போது நீ மைக்கைப் பிடித்துக்கொண்டு ஊரில் இருக்கிற அத்தனை பேரையும் பேசுவாய். கோயில் மணியக்காரர், பஸ் ஸ்டாண்ட் கண்டக்டர், செங்கம் ரோட்டில் தமிழ் பேச முயற்சி பண்ணுகிற வெள்ளைக்காரர், எல்லாரும் உன் தொண்டையில் இருந்தார்கள். உன் அம்மா அடுப்படியிலிருந்து வந்து, முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, தோள் குலுங்கச் சிரிப்பாள். ஒரு நாள் இஸ்திரி போடும் முனுசாமியைப் பேசினாய். அவருக்கு மூக்கால் பேச்சு. தெருவே சிரித்தது. அம்மா மட்டும் சிரிக்கவில்லை. உன் கையைப் பிடித்து நேராக அவர் வண்டிக்கு இழுத்துப் போனாள். நான் பின்னாலேயே வந்தேன், அடிக்கப் போகிறாளோ என்று.

"இப்ப பேசு. அவரு எதிர்லயே பேசு" என்றாள்.

நீ அழுகிற மாதிரி நின்றாய். முனுசாமி, "இன்னாம்மா, இன்னா ஆச்சு?" என்று அதே மூக்கால் கேட்டார். அம்மா விடவில்லை. கடைசியில் நீ பேசிக் காட்டினாய். அவர் இஸ்திரிப் பெட்டியை ஓரமாக வைத்துவிட்டு முழுக்கக் கேட்டார். அப்புறம் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். "பேச்சு சரிதான்டா, நடையை வுட்டுட்டியே" என்று சொல்லி, வண்டியைச் சுற்றி நடந்து காட்டினார். திரும்பி வரும்போது அம்மா உன்னிடம் சொன்னது எனக்கு நன்றாகக் காதில் விழுந்தது: "யாரைப் பேசறியோ அவங்க எதிர்ல பேச தைரியம் இருந்தா பேசு. அவங்களும் சேர்ந்து சிரிச்சா அது தமாஷ். இல்லன்னா வாயை மூடிக்கோ." உன் சினிமா வாத்தியார்கள் யாராவது இதைவிடத் தெளிவாக உனக்குச் சொல்லியிருக்கிறார்களா?

நீ கல்லூரியில் சேர்ந்த வருஷம் அவளுக்கு மஞ்சள் காமாலை வந்தது. நாட்டு மருந்து, பத்தியம், அப்புறம் வேலூர் ஆஸ்பத்திரி. வசந்தா அப்போது மூன்றாம் வகுப்பு. அம்மாவை வேனில் கொண்டு வந்து இறக்கியபோது நான் அழவில்லை. சுடுகாட்டிலும் அழவில்லை. கல் மாதிரி இருக்கிறான் என்று சொந்தக்காரர்கள் பேசிக்கொண்டார்கள். எனக்கு அழத் தெரியவில்லை, அவ்வளவுதான். எத்தனையோ சாவு வீட்டுக்கு மைக் கட்டியிருக்கிறேன். ஒப்பாரி வைப்பவர்களின் சத்தம் கரகரக்கிறதா, தெளிவாக இருக்கிறதா என்று மட்டும் கேட்டுப் பழகின காது. சொந்த வீட்டில் அந்தச் சத்தம் வந்தபோதும் காது அதே வேலையைத்தான் பார்த்தது.

பதினாறாம் நாள் படத்திறப்பு. நம் தெருவிலேயே பந்தல். என் சிநேகிதர்கள் எல்லாரும் பேசினார்கள். கடைசியில் என்னை இரண்டு வார்த்தை பேசச் சொன்னார்கள். வாழ்நாளெல்லாம் மைக்கை அடுத்தவர் வாய்க்கு நேராகத் திருப்பி வைத்தவன், முதல் தடவையாக அதன் எதிரில் நின்றேன். "என் மனைவி கமலா" என்று ஆரம்பித்தேன். விக்கல் வந்தது. மறுபடியும் "கமலா" என்றேன். மறுபடியும் விக்கல். தெருவின் இரண்டு முனையிலும் குழாய் கட்டியிருந்தோம். என் விக்கல் பேகோபுரத்தில் மோதித் திரும்பி வந்தது. முதலில் சின்னப் பசங்கள் சிரித்தார்கள். அப்புறம் பெரியவர்கள் சிலர் தலையைக் குனிந்துகொண்டார்கள். குனிந்த தலைகள் குலுங்கின. நான் அவர்களைக் குற்றம் சொல்லவில்லை. கேட்கிற எவனுக்கும் சிரிப்பு வந்திருக்கும். அப்போதுதான் முன்வரிசையில் உட்கார்ந்திருந்த உன் பெரியம்மா, அம்மாவின் கூடப் பிறந்தவள், எழுந்து நின்று சொன்னாள்: "கமலாதான் நினைக்கறா. விக்கட்டும் விடுங்க."

சிரிப்பு அப்படியே நின்றது. எங்கிருந்தோ ஒருத்தி ஓவென்று அழுதாள். பிறகு தெருவே அழுதது. நானும் அழுதேன், சேகர். விக்கிக்கொண்டே அழுதேன். அந்த ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டுதான் அதற்கப்புறம் வந்த வருஷங்களை ஓட்டினேன். சாப்பிடும்போது விக்கினால் வசந்தா தண்ணீர் எடுத்துக்கொண்டு ஓடி வருவாள். "இரும்மா, கொஞ்சம் பொறு" என்பேன். அவளுக்கும் புரியும். செம்பைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நிற்பாள். எங்கள் இரண்டு பேருக்கும் இடையில் இருந்த விஷயம் அது. யாருக்கும் தெரியாது என்று நினைத்திருந்தோம்.

நீ படிப்பை முடித்துவிட்டு மெட்ராஸ் போகிறேன் என்றபோது நான் தடுத்தேனா? ஊரில் இருந்தவர்கள் எல்லாம் மகனைக் கவர்மெண்ட் உத்தியோகத்துக்கு எழுதிப் போடச் சொன்னார்கள். நான்தான் பஸ் ஏற்றி விட்டேன். கோடம்பாக்கத்தில் அழுகைப் படமாக எடுத்துத் தள்ளுகிற ஒரு டைரக்டரிடம் நீ கிளாப் அடித்தாய். ஹீரோயின் அழுகிற ஷாட்டில் நீ சிரித்துவிட்டாய் என்று உன்னை வெளியே நிற்க வைத்தார்களாம். அதை எழுதியிருந்தாய், நானும் வசந்தாவும் படித்துப் படித்துச் சிரித்தோம். உன் முதல் படம் இங்கே வந்த வாரமே போய்விட்டது. நீ ஊருக்கு வந்து பாயில் சுருண்டு கிடந்தாய். உன்னை எழுப்பி உட்கார வைத்தது யார்? பக்கத்து வீட்டுக் குருக்கள். குரங்கு பிரசாதக் கூடையைப் பிடுங்கிக்கொண்டு போய், தன்னைக் கோயிலுக்குள் விடாமல் மறித்த கதையைச் சொல்லி உன்னைச் சிரிக்க வைத்தார். "மாமா, இதைப் படத்துல வெச்சுக்கட்டுமா?" என்று நீ கேட்டாய். "வெச்சுக்கோ. ஆனா என்னைவிட அழகான ஆளைப் போடு" என்றார். அந்தப் படம்தான் ஓடியது. அவரை நீயே தியேட்டருக்குக் கூட்டிப் போய் முன்னால் உட்கார வைத்தாய். கோயிலுக்கு வருகிறவர்களிடமெல்லாம் "அது நான்தான்" என்று இன்றைக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறார். அந்தப் படத்துக்கு வாடகைக் காரில் குழாயைக் கட்டிக்கொண்டு, வேங்கிக்கால் வரைக்கும், ஆசிரமம் தாண்டியும், நானே அறிவிப்புச் செய்துகொண்டு போனேன். தொண்டை கட்டிப் போச்சு. என் மகன் எடுத்த படம் என்று ஒரு இடத்திலும் சொல்லவில்லை. சொல்லத் தேவைப்படவில்லை, எல்லாருக்கும் தெரிந்திருந்தது.

ஆக, கேட்டு எடுப்பது எப்படி என்று உனக்குத் தெரியும். தெரியாமல் செய்தாய் என்று நான் சமாதானம் சொல்லிக்கொள்ளவும் நீ வழி வைக்கவில்லை.

அதற்கப்புறம் படத்துக்கு மேல் படம். நீ வருவது குறைந்தது. தீபத்துக்கு வருவேன் என்பாய், ஷூட்டிங் என்பாய். அதெல்லாம் எனக்குக் கோபமில்லை. வேலை இருக்கிறவன் வேலையைப் பார்க்கட்டும். இந்தக் கடைசிப் படம் இங்கே வந்ததும் தியேட்டர்க்காரர் ஆள் அனுப்பினார். நானும் வசந்தாவும் மேட்னி போனோம். இடைவேளை வரைக்கும் நன்றாகத்தான் சிரித்தேன். நன்றாக எடுக்கிறாய், அதை மறுக்க மாட்டேன். அப்புறம் ஒரு பந்தல் வந்தது. மாலை போட்ட ஒரு பெண் படம் வந்தது. கட்டை குட்டையான ஒருத்தர் மைக் முன்னால் வந்து, "என் மனைவி" என்று சொல்லிவிட்டு விக்கினார்.

என் கையை வசந்தா பிடித்தாள். தியேட்டர் அதிர்ந்தது. அவர் விக்க விக்கச் சிரிப்பு ஏறிக்கொண்டே போனது. திரையில், பந்தலின் முன்வரிசையில் ஒரு அம்மா எழுந்தாள். நான் நினைத்தேன், சேகர், உண்மையிலேயே நினைத்தேன், நீ இங்கே நிறுத்துவாய், இவ்வளவு சிரிக்க வைத்ததே அந்த வார்த்தைக்காகத்தான் என்று. அந்த அம்மா கண்ணை உருட்டிக்கொண்டு, "செத்தவ நினைக்கறாடா! பக்கத்துலதான் நிக்கறா, ஓடுங்கடா!" என்றாள். ஜனங்கள் விழுந்தடித்து ஓடினார்கள். பந்தல் சரிந்தது. அந்தப் படம், மாலையோடு, ஒருத்தன் தலையில் மாட்டிக்கொண்டது. அவன் அதோடு தெருத் தெருவாக ஓடினான். எங்களுக்கு முன்னால் இருந்தவர்கள் திரும்பி என்னைப் பார்த்துச் சிரித்தார்கள். அவர்கள் கெட்டவர்கள் இல்லை. என் மகன் எடுத்த படம், நானும் சிரித்துக்கொண்டிருப்பேன் என்று நினைத்துத்தான் திரும்பினார்கள்.

உன் பெரியம்மா போன வருஷமே போய்ச் சேர்ந்தாள். இதைப் பார்க்காமல் போனாளே, அதுவரைக்கும் நிம்மதி.

இதோடு விட்டிருப்பேன். அடுத்த வாரம் உன் பேட்டி வந்தது. 'எப்படிக் காமெடி டைரக்டர் ஆனீர்கள்' என்று கேட்டதற்கு நீ சொல்லியிருந்தாய்: அம்மாவின் படத்திறப்பில் அப்பா விக்கினபோது ஆம்ப்ளிபயர் உன் கையில் இருந்ததாம், சத்தத்தைக் குறைக்காமல் கொஞ்சம் ஏற்றினாயாம், ஜனங்கள் சிரிப்பதைப் பார்த்து நின்றாயாம், அந்த நிமிஷம்தான் உனக்குள் டைரக்டர் பிறந்தானாம். படித்துவிட்டுப் பத்திரிகையை மூடி வைத்தேன். என் ஆம்ப்ளிபயர் எனக்குத் தெரியாதா? ஒரு நூல் ஏற்றினாலும் அந்தக் குழாய் ஊளையிடும். அன்றைக்கு ஊளையிடவில்லை. உன் கை அந்தத் திருகைத் தொடவே இல்லை. நீ ஆம்ப்ளிபயர் வைத்த மேஜைக்குக் கீழே குனிந்து, முழங்காலில் முகத்தை வைத்துக்கொண்டு தேம்பித் தேம்பி அழுதுகொண்டிருந்தாய். மைக் முன்னால் நின்று விக்கிக்கொண்டிருந்த நான் உன்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். தாய்க்காக அழுத அந்தப் பிள்ளையைக் கொன்று, அவன் இடத்தில் ஒரு கெட்டிக்காரப் பயலை நிற்க வைத்திருக்கிறாய், கேட்பவர்கள் 'அடேயப்பா' என்று சொல்வதற்காக. என்னை வைத்துச் சிரித்தாய், பொறுத்தேன் என்றே வைத்துக்கொள். உன் அழுகையைக்கூட நீ விட்டு வைக்கவில்லையே! நீ சத்தத்தை ஏற்றியிருந்தால்கூட, தாயைப் பறிகொடுத்த பையன், கை என்ன செய்கிறது என்று தெரிந்திருக்காது என்று மன்னித்திருப்பேன். செய்யாததைச் செய்ததாகப் பெருமையாகச் சொல்லிக்கொள்கிறவனை எப்படி மன்னிப்பது?

அப்புறம் வெற்றி விழா. இந்த ஊரிலேயே வைக்க வேண்டும் என்று உனக்கு ஆசை. முந்தின நாள் உன் கம்பெனி மேனேஜர் பழக்கூடையோடு வீட்டுக்கு வந்தார். "ஐயா மேடைக்கு வரணும். பேசவெல்லாம் வேணாம். டைரக்டர் சைகை காட்டுவாரு, ஒரே ஒரு தடவை விக்கினீங்கன்னா போதும், கூட்டம் பிச்சுக்கும்" என்றார். நான் வாயைத் திறப்பதற்குள் வசந்தா உள்ளேயிருந்து வந்தாள். ஒரு டம்ளர் தண்ணீரை அவர் கையில் கொடுத்து, "குடிச்சுட்டுக் கெளம்புங்க. கூடையை மறந்துடாதீங்க" என்றாள். இப்படிக் கேட்டு வரச் சொன்னது நீயா, அந்த ஆளின் சொந்த மூளையா என்று நான் இன்னும் உன்னிடம் கேட்கவில்லை. இப்போது கேட்கிறேன்.

விழாவுக்கு நானும் அவளும் வந்தோம். பின்னால் ஓரமாக நின்றோம். மெட்ராஸிலிருந்து உசத்தியான சவுண்ட் கொண்டு வந்திருந்தாய், ஒரு கரகரப்பு இல்லை. படத்தில் என் மாதிரி விக்கின அந்த நடிகர் மைக்கைப் பிடித்து விக்கினார், கூட்டம் விசிலடித்தது, நீ நாற்காலியில் சாய்ந்து சிரித்தாய். நான் திரும்பிப் பார்த்தபோது பக்கத்தில் வசந்தா இல்லை. தபாலாபீஸ் கவுண்டரில் வேலை பார்க்கிற, ஒரு வார்த்தைக்கு மேல் பேசாத பெண், அத்தனை கூட்டத்தையும் விலக்கிக்கொண்டு மேடை ஏறிவிட்டாள். தங்கச்சி என்று தெரிந்து விட்டுவிட்டார்கள். அவள் குரல் முதலில் கேட்கவில்லை. மைக்கை எவ்வளவு கிட்டே பிடிக்க வேண்டும் என்று என் பெண்ணுக்கு நான் சொல்லிக் கொடுக்காமலா இருந்தேன், நடுக்கத்தில் மறந்துவிட்டாள். அப்புறம் கிட்டே பிடித்தாள்.

"நான் டைரக்டரோட தங்கச்சி. நீங்க பார்த்தது எங்க அம்மாவோட படத்திறப்பு. விக்கினது எங்க அப்பா. கமலாதான் நினைக்கறான்னு சொன்னது எங்க பெரியம்மா. அங்க யாரும் ஓடலைங்க. எல்லாரும் அழுதோம்."

அவ்வளவுதான் சொன்னாள். அந்த மைதானத்தில் ஒரு சத்தம் இல்லை. உனக்கு அது திரும்பி வர ஒரு வழி, சேகர். எழுந்து அவள் பக்கத்தில் போய் நின்றிருந்தால் போதும், ஒரு வார்த்தைகூடப் பேச வேண்டாம். நீ எழுந்தாய். மைக்கை அவள் கையிலிருந்து வாங்கினாய். கூட்டத்தைப் பார்த்தாய். அந்த மௌனம் உனக்குப் பயமாக இருந்திருக்கும், எனக்குத் தெரியும். சிரிக்காத கூட்டத்தை உன்னால் ஒரு நிமிஷம் தாங்க முடியாது. நீ விக்கினாய். "அம்மா என்னையும் நினைக்கறாங்க போல!" என்றாய்.

கூட்டம் வெடித்தது. அந்தச் சிரிப்புக்கு நடுவில் என் பெண் கையைத் தொங்கப் போட்டுக்கொண்டு நின்றாள். எந்தப் பக்கம் இறங்குவது என்று அவளுக்குத் தெரியவில்லை. நான் முன்னால் போய்ப் படிக்கட்டில் நின்று கையை நீட்டினேன். நீ என்னைப் பார்த்தாய். பார்க்கவில்லை என்று சொல்லாதே.

மறுநாளிலிருந்து தபாலாபீஸில் ஸ்டாம்பு வாங்க வருகிற பசங்கள் அவளைப் பார்த்து விக்குகிறார்கள். அவள் லீவு போடவில்லை. ஸ்டாம்பைக் கிழித்துக் கொடுத்துவிட்டு "அடுத்த ஆள்" என்கிறாளாம், கூட வேலை செய்கிறவர் சொன்னார். வீட்டில் அவள் உன்னைப் பற்றி ஒரு வார்த்தை தப்பாகச் சொல்லவில்லை. அதனால்தான் நான் சொல்கிறேன்.

அவளுக்குப் போளூர் மாப்பிள்ளை நிச்சயமாகியிருப்பது உனக்குத் தெரியும், மின்வாரியத்தில் இருக்கிறவர். விழா முடிந்து இரண்டாம் நாள் அவர் தனியாக வந்தார். மேடை ஏறின பெண் வேண்டாம் என்று சொல்ல வந்திருக்கிறார் என்று நினைத்தேன். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. வசந்தாவைக் கூப்பிடச் சொன்னார். அவள் வந்து நின்றதும், "அன்னைக்கு நானும் கூட்டத்துல இருந்தேன். உங்க அண்ணன் விக்கினப்ப நானும் சிரிச்சுட்டேன். வேணும்னு இல்ல, எல்லாரும் சிரிச்சாங்க, வந்துடுச்சு. சொல்லாம கல்யாணம் பண்ணிக்க மனசு வரல. மன்னிச்சுக்கங்க" என்றார். முகம் வேர்த்துப் போயிருந்தது. வசந்தா அவர் பக்கம் நாற்காலியை நகர்த்தினாள். "காபி சாப்பிடறீங்களா?" என்று கேட்டாள். அவர் உட்கார்ந்தார். அந்தப் பையன் போளூரிலிருந்து பஸ் பிடித்து வந்து, எங்கள் இரண்டு பேர் முகத்தையும் பார்த்துச் சொன்னதை, நீ மருந்துக் கடைப் போனில்கூடச் சொல்லவில்லை. நான் கோபமாக இருக்கிறேனா என்றுதான் கேட்டாய்.

நேற்று கல்யாணப் பத்திரிகையின் புரூஃப் வந்தது. பிரஸ்காரர் ஆர்வத்தில் உன் பெயரையும் 'திரைப்பட இயக்குநர்' என்பதையும் மணமகள் பெயரைவிடக் கொட்டை எழுத்தில் போட்டு, பக்கத்தில் ஒரு காமிரா படமும் வைத்திருந்தார். நான் பேனாவை எடுத்து உன் பெயர் முழுவதையும் அடிக்கப் போனேன். வசந்தா கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அண்ணன் பேரு இருக்கட்டும்ப்பா" என்றாள்.

"எதுக்கு?"

"எனக்கு ஒரே அண்ணன்தானே." பேனாவை வாங்கி, காமிராவை அடித்தாள். திரைப்பட இயக்குநரை அடித்தாள். "இது வேணாம்" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள்.

அச்சாகி வந்ததும் உனக்கும் ஒன்று தபாலில் வரும். அவளே அவள் கவுண்டரில் முத்திரை குத்தி அனுப்புவாள். கடைசி வரியில் 'சேகர்' என்று சின்ன எழுத்தில் இருக்கும், முன்னாலும் பின்னாலும் ஒன்றும் இருக்காது. டைரக்டருக்கு நாங்கள் பத்திரிகை வைக்கவில்லை. சேகர் என்ற பேரில் அங்கே யாராவது மிச்சம் இருந்தால், முந்தின நாளே வந்து பந்தலில் நிற்கச் சொல்.

அப்பா